லண்டனுக்குக் காட்டைக் கொண்டுபோனவர்

தென்காசியிலிருந்தோ திருவண்ணாமலையிலிருந்தோ வந்து தி.நகர் ரங்கநாதன் தெருவில் ஜவுளிக்கடை வேலைக்குச் சேர்ந்திருக்கும் தம்பி, தங்கச்சி! இந்தக் கூட்டத்தில் நடக்கும்போது தோளை ஏன் குறுக்கிக்கொள்கிறாய்? பேச்சில் ஊர் வாடை தெரிந்துவிடும் என்று வாயை ஏன் மூடிக்கொள்கிறாய்? பஜ்ஜு ஷ்யாம் என்ற மனிதரை நீ தெரிந்துகொண்டே ஆக வேண்டும்.

மத்தியப் பிரதேசத்தில் பாட்டன்கர் என்ற கிராமத்தில் 1971இல் பிறந்த கோண்டு ஆதிவாசி அவர். அங்கே வீட்டுச் சுவர்களில் பெண்கள் சித்திரம் எழுதுவார்கள். அம்மாவின் கை எட்டாத உயரத்தில் மகன் எழுதினான். படிப்பு என்றால் அதுதான் படிப்பு. வறுமை போபாலுக்கு விரட்டியது. ராத்திரி வாட்ச்மேன், பிறகு எலக்ட்ரீஷியன் என்று கிடைத்த வேலையைச் செய்தார். உறவினரான ஓவியர் ஜங்கர் சிங் ஷ்யாம் அவரைத் தன்னிடம் சேர்த்துக்கொண்டார். குரு வரைந்த உருவங்களுக்குள் நுண்கோடுகளை நிரப்புவது சீடனின் வேலை. கோண்டு ஓவியர் ஒவ்வொருவருக்கும் தனக்கென்று ஒரு கோட்டு முறை உண்டு. அதைப் பார்த்தே படம் யாருடையது என்று சொல்லிவிடுவார்கள். அந்தக் கோடு கைக்கு வர வருடக்கணக்கில் உட்கார வேண்டும். பஜ்ஜு உட்கார்ந்தார்.

2002இல் லண்டனில் ஓர் இந்திய உணவகத்தின் சுவர்களில் வரைய அழைப்பு வந்தது. ஆங்கிலம் தெரியாது. விமானத்தில் ஏறியதில்லை. இரண்டு மாதம் அந்த மாநகரத்தில் இருந்தார். நீயும் நானும் போயிருந்தால் அண்ணாந்து பார்த்து, போட்டோ எடுத்துக்கொண்டு, கொஞ்சம் சின்னவர்களாகித் திரும்பியிருப்போம். அவர் என்ன செய்தார் தெரியுமா? லண்டனைத் தன் காட்டின் கண்களால் பார்த்தார்! அத்தனை கனமான விமானம் மேலே எழுந்தது யானை பறந்த அதிசயமாகத் தெரிந்தது. சிறகு முளைத்த யானையை வரைந்தார். தினமும் தவறாமல் வேலைக்கு ஏற்றிப்போன 30ஆம் நம்பர் பஸ், விசுவாசமான நாயாயிற்று. பூமிக்கடியில் ஓடும் ரயில் ராட்சத மண்புழுவாயிற்று. பகலெல்லாம் அலுவலகத்தில் அடைந்து கிடந்து, இருட்டியதும் மதுக்கடைகளில் கூடுகிற வெள்ளைக்காரர்கள் வௌவால்களானார்கள். பிக் பென் கடிகாரம்? கோண்டு மக்களுக்கு நேரம் சொல்வது சேவல். அந்தக் கடிகார வட்டம் சேவலின் கண்ணாகிவிட்டது. உலகமே மணி பார்த்த கடிகாரத்தைத் தன் ஊர்ச் சேவலுக்குள் வைத்த துணிச்சலைப் பார்!

அந்தப் படங்கள் உலகத்துக்குப் போனது நம் சென்னை வழியாகத்தான். அடையாறு தாண்டினால் வருகிற திருவான்மியூரில் தாரா புக்ஸ் பதிப்பகம் இருக்கிறது. அந்தப் பதிப்பகத்தின் கீதா உல்ஃபும் சிரிஷ் ராவும் பஜ்ஜுவோடு உட்கார்ந்து கதை கேட்டு, 2004இல் 'தி லண்டன் ஜங்கிள் புக்' கொண்டுவந்தார்கள். கிப்ளிங் என்ற ஆங்கிலேயர் மத்திய இந்தியக் காட்டைக் கதையாக்கினார். வெர்ரியர் எல்வின் என்ற ஆங்கிலேயர் பாட்டன்கரிலேயே தங்கி ஆதிவாசிகளைப் பற்றி எழுதினார். எழுதப்பட்டவர்களின் ஊரிலிருந்து ஒருவர் கிளம்பிப் போய், ஆங்கிலேயரின் ஊரை எழுதிவிட்டு வந்தார்! இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு உடம்பு சிலிர்க்கிறது.

துர்கா பாய், ராம் சிங் உர்வேதி ஆகியோருடன் அவர் வரைந்த 'தி நைட் லைஃப் ஆஃப் ட்ரீஸ்' 2006இல் வந்தது. கறுப்பு நிறக் கைத்தாளில், ஒவ்வொரு பக்கமும் சென்னையிலேயே கையால் ஸ்கிரீன் பிரிண்டிங் செய்யப்பட்ட புத்தகம். 2008இல் இத்தாலியின் பொலோனா புத்தகக் கண்காட்சியில் விருது பெற்றது. பஜ்ஜுவுக்கு 2018இல் பத்மஸ்ரீ.

இப்படித் தன் கண்ணை விட்டுக்கொடுக்காமல் நின்றவர் பஜ்ஜு மட்டுமல்ல. அவர் பிறந்த அதே 1971இல், ஆஸ்திரேலியப் பாலைவனத்தின் பப்புன்யாவில் பழங்குடிப் பெரியவர்கள் பள்ளிக்கூடச் சுவரில் தங்கள் முன்னோரின் தேனெறும்புக் கதையை வரைந்தார்கள். அந்தச் சுவரிலிருந்து ஓர் ஓவிய இயக்கமே கிளம்பியது. அதே பாலைவனத்தின் பழங்குடிப் பெண் எமிலி காமே ஙுவாரே, எண்பதை நெருங்கும் வயதில் கேன்வாஸைத் தொட்டு, 1996இல் கண்மூடுவதற்குள் ஆயிரக்கணக்கில் வரைந்து தள்ளினார். இனி என்ன வயது என்று அந்தப் பாட்டி கேட்கவில்லை.

இங்கிலீஷ் கற்றுக்கொள், வேண்டாம் என்று யார் சொன்னது? கம்ப்யூட்டரும் கற்றுக்கொள். ஆனால் அவற்றை வாங்கும்போது விலையாக உன் கண்களைக் கொடுத்துவிடாதே. உன் பாட்டி போட்ட சிக்குக் கோலத்தின் கணக்கு, மேகத்தைப் பார்த்து மழை சொல்லும் உன் அப்பாவின் அறிவு, மாட்டின் நடையிலேயே நோயைக் கண்டுபிடிக்கும் உன் அம்மாவின் பார்வை, இதெல்லாம் எந்தக் கல்லூரியில் கிடைக்கும்? இன்டர்வியூவில் எதிரே உட்கார்ந்திருப்பவருக்கு இதில் ஒன்றாவது தெரியுமா? கூசாமல் பேசு. உன் வட்டாரப் பேச்சிலேயே பேசு.

வார விடுமுறையில் மயிலாப்பூரில் 29சி பஸ்ஸில் ஏறி அடையாறில் இறங்கு, அங்கிருந்து திருவான்மியூர் தாரா புக்ஸுக்குப் போ. 'தி லண்டன் ஜங்கிள் புக்'கைக் கையில் வாங்கி, சேவல் படத்தைப் பார். பிறகு வெளியே வந்து இந்தச் சென்னையை உன் ஊர்க் கண்ணால் பார்த்து, எது யானை, எது மண்புழு, எது வௌவால் என்று நீ சொல். இன்னும் யாரும் சொல்லவில்லை!