பசியை அளக்கும் வினாத்தாள்

ஒருவரின் பசியை மற்றொருவர் அறிய முடியுமா? காய்ச்சலைக் கருவி காட்டும். இரத்த அழுத்தத்தையும் காட்டும். ஆனால், உணவுத் தட்டின் முன் அமர்ந்திருக்கும் இளம்பெண்ணின் உள்ளத்தில் எழும் அச்சத்தைக் காட்டும் கருவி எதுவும் இல்லை. அவளே சொன்னால்தான் உண்டு. எனவே மருத்துவர்கள் அவளிடமே ஒரு வினாத்தாளைக் கொடுத்து, 'உன்னைப் பற்றி நீயே குறி' என்கின்றனர். எளிதாகத் தோன்றும் இச்செயலுக்குள் அறநெறிக் கேள்வி ஒன்று உள்ளது. ஒருவர் தம்மைப் பற்றித் தாமே கூறும் சான்றை எவ்வளவு நம்பலாம்? அதைக் கேட்பவரின் கடமை என்ன?

உடல் பருத்துவிடும் என்று அஞ்சி உணவை மறுத்து மெலிவது 'அனோரெக்சியா'. அடங்காமல் உண்டு, பின் வாந்தியெடுத்து வெளியேற்றுவது 'புலிமியா'. இவை பிடிவாதமோ செருக்கோ அல்ல. உயிரைப் பறிக்கவும் வல்ல மனநோய்கள். இவற்றின் அறிகுறிகளைக் கண்டறிய கார்னர், கார்ஃபிங்கல் என்னும் அறிஞர்கள் 1979இல் ஒரு வினாத்தாளை வகுத்தனர். 1982இல் அது 26 வினாக்களாகச் சுருக்கப்பட்டது. 'எப்போதும்' முதல் 'ஒருபோதும் இல்லை' வரை விடைகள் உண்டு. மதிப்பெண் 20ஐ எட்டினால் மருத்துவர் நேரில் கண்டு ஆராய வேண்டும். அது தீர்ப்பன்று, எச்சரிக்கை மணியே.

இந்த மணி எல்லா ஊரிலும் ஒரே ஓசை எழுப்புவதில்லை. மைக்கேல் கிங், தினேஷ் பூக்ரா ஆகியோர் வட இந்திய நகரொன்றின் பள்ளி மாணவியரிடம் இதே தாளைக் கொடுத்து, 1989இல் முடிவை வெளியிட்டனர். பலர் எச்சரிக்கை எல்லையைத் தாண்டியிருந்தனர். ஆயினும், வினாக்கள் சிலவற்றை மாணவியர் தம் பண்பாட்டு வழக்கப்படி வேறாகப் பொருள் கொண்டதே அதற்குக் காரணம் எனக் கண்டனர். ஹாங்காங்கில் மருத்துவர் சிங் லீயும் அவருடைய தோழர்களும் 1993இல் எழுதியது இதன் மறுபக்கம். அவர்கள் கண்ட அனோரெக்சியா நோயாளரில் பாதிக்கும் மேற்பட்டோரிடம் பருமன் பற்றிய அச்சமே இல்லை. அச்சத்தை மட்டும் கேட்கும் தாள் இவர்களைத் தவறவிட்டிருக்கும். நம் சென்னையிலும் டி.என். சீனிவாசன் முதலானோர் 210 மருத்துவ மாணவர்களை ஆராய்ந்து 1995இல் எழுதினர். ஏறக்குறைய 15 விழுக்காட்டினரிடம், முழு நோய் எனக் கூற இயலாத 'உணவுத் துயர்' காணப்பட்டது. பின்னர் நம் நாட்டினருக்கெனவே வினாத்தாள் ஒன்றையும் அவர்கள் உருவாக்கினர்.

இத்தகைய தாள் ஒன்று பழவேற்காடு ஏரிக்கரைப் பசியாவரத்திற்கு வருவதாக எண்ணிப் பாருங்கள். ஊரின் பெயரிலேயே பசி ஒலிக்கிறது. ஏரியில் இறாலும் நண்டும் கிடைக்கும் நாளும் உண்டு; வலை வெறுமையாகத் திரும்பும் நாளும் உண்டு. 'பாடு' முறையால் மீன்பிடி இடத்தைப் பகிர்ந்துகொள்ளத் தெரிந்த மக்கள் அவர்கள். வீட்டிலோ, கடைசியாக உண்பவள் பெரும்பாலும் பெண்ணே. 'உணவைத் தவிர்ப்பதுண்டா?' என்ற வினாவுக்கு ஒருத்தி 'அடிக்கடி' என்று குறிக்கிறாள். அன்று வீட்டில் அரிசி இல்லை. இன்னொருத்தி தம்பிக்குக் கொடுத்துவிட்டாள். மூன்றாமவள் தவக்கால நோன்பு காக்கிறாள். அடுத்த தெருவில் ரமலான் நோன்பு. ஐந்தாமவளோ உண்மையிலேயே நோயுற்றிருக்கிறாள். ஐவரும் இட்ட குறி ஒன்றே! தாளை மட்டும் எண்ணுபவர் அரிசி வேண்டியவளுக்கு மருந்தையும், மருந்து வேண்டியவளுக்கு அறிவுரையையும் தரக்கூடும்.

கத்தோலிக்கராகிய நமக்கு இது புதிதன்று. ஒப்புரவு அருட்சாதனத்திற்கு முன் ஆன்ம சோதனைக்கென நம் செபநூல்களில் வினாவரிசை உள்ளது. ஐயுறு மனச்சான்று உடையவர் எல்லாவற்றிற்கும் 'ஆம்' என்பார். மரத்த மனச்சான்று உடையவர் எல்லாவற்றிற்கும் 'இல்லை' என்பார். புனித இஞ்ஞாசியாரே 1522இல் மன்ரேசாவில் இந்த ஐயுறவால் வாடினார். வரிசை உள்ளத்தைத் திறக்கும் திறவுகோல். உள்ளே சென்று கேட்க ஓர் ஆள் வேண்டும்.

அதற்காகத் தாளை ஒதுக்கிவிடலாமா? கூடாது. முகம் பார்த்துச் சொல்ல நாணுவதைத் தாளில் குறிப்பது பலருக்கு எளிது. 'இது பணக்காரர் நோய், நம் குப்பங்களில் எங்கே?' என்று கடந்து செல்வது, ஐந்தாமவளைக் கைவிடுவதாகும்.

அவளை நாம் வேறொரு வழியாகவும் கைவிடக்கூடும். அது நமது பாராட்டு. 'எவ்வளவு பக்தியாக நோன்பிருக்கிறாள்!' என்று புகழும்போது, நோய்க்குத் திருவுடை அணிவிக்கிறோம். மறைவாக நோன்பிருக்க ஆண்டவர் கற்பித்தார். நோயும் மறைவையே நாடுகிறது. பின் எப்படி வேறுபடுத்துவது? நோன்புக்கு முடிவு உண்டு. பாஸ்கா விழா வந்ததும் நோன்பிருந்தவர் மகிழ்ந்து உண்பார். நோய்க்குப் பாஸ்கா தெரியாது. எசாயா உணர்த்துவது போல், நோன்பு பசித்தவரை நோக்கிக் கையை நீட்டுகிறது. நோயோ தன் உடலை மட்டுமே எண்ண வைக்கிறது. திருச்சபைச் சட்டமும் நோன்பின் கடமையை 18 வயது நிறைந்த பின்னரே விதிக்கிறது. நோயுற்றோரை அது கட்டாயப்படுத்துவதில்லை. வளரும் மகள் அளவு மீறி நோன்பிருந்தால், பெற்றோர் பெருமை கொள்ளாமல் பரிவோடு விசாரிக்க வேண்டும்.

கேட்பவருக்கும் கடமைகள் உண்டு. அவளுக்குப் புரியும் மொழியில் கேட்க வேண்டும். ஏன் கேட்கிறோம் எனச் சொல்ல வேண்டும். அறிந்ததைக் காக்க வேண்டும். 2017ஆம் ஆண்டின் மனநலச் சட்டமும் நோயாளரின் செய்தி காக்கப்படும் உரிமையை வலியுறுத்துகிறது. எண்ணிக் கூட்டிய பின் அவளருகில் அமர்ந்து, 'அன்று ஏனம்மா சாப்பிடவில்லை?' என்று கேட்க வேண்டும். தேவையானால் தயங்காமல் மருத்துவரிடம் அழைத்துச் செல்ல வேண்டும். உதவி கேட்கும் ஒரு பிள்ளைக்கு வினாத்தாளைக் கொடுத்துவிட்டு விடையைக் கேளாமல் போவது, கேட்காமல் இருந்ததைவிடக் கொடிது.

யாயிரின் மகளுக்கு வயது பன்னிரண்டு. அவளை உயிர்ப்பித்த ஆண்டவர் அவளுக்கு உண்ணக் கொடுக்கும்படி வீட்டாரிடம் சொன்னார் என்று மாற்கு குறிக்கிறார். எழுந்த சிறுமியின் பசியை அவர் மறக்கவில்லை. நம் வீட்டுப் பெண்பிள்ளைகள் உண்டார்களா என்று நாமும் மறவாமல் கேட்போம். அவர்கள் விடை சொல்லும்வரை உடனிருப்போம்.