எழுதுபவரின் கடன்

பண்டைய தத்துவஞானி எபிக்டீட்டஸைப் பாடம் நடத்தும்போதெல்லாம் ஓரிடத்தில் என் மனம் ஒப்புவதில்லை. வாழ்க்கை ஒரு நாடகம், அதை எழுதுபவர் வேறொருவர். ஏழை வேடமோ அதிகாரி வேடமோ, கொடுத்ததை நன்றாக நடிப்பதுதான் உன் வேலை என்கிறார் அவர். சொன்னவர் அடிமையாக வாழ்ந்தவர், ஆகவே அதை லேசாகத் தள்ளிவிட முடியாது. ஆனாலும் நடிப்பவனுக்கு இவ்வளவு கண்டிப்பாகக் கடமை சொல்லும் அந்தப் பகுதியில், எழுதுபவருக்கு என்ன கடமை என்பது மட்டும் இல்லை.

இந்தக் கேள்வியோடுதான் நான் டெய்லர் ஷெரிடனைப் பார்க்கிறேன். டெக்சாஸில் வளர்ந்தவர், அமெரிக்கத் தொலைக்காட்சியில் நெடுங்காலம் சின்னச் சின்ன வேடங்களில் நடித்தவர். 2008இல் தொடங்கிய 'சன்ஸ் ஆஃப் அனார்க்கி' தொடரில் டேவிட் ஹேல் என்ற போலீஸ் அதிகாரி. ஊரைச் சுத்தப்படுத்த நினைக்கும் நேர்மையானவன். ஆனால் கதை அவனுடையதல்ல, மோட்டார் சைக்கிள் கும்பலுடையது. சம்பளப் பேச்சு முறிந்து ஷெரிடன் விலகினார். 2010இல், மூன்றாம் பருவத்தின் முதல் பகுதியிலேயே, ஹேல் மீது வேனை ஏற்றிக் கதையை முடித்துவிட்டார்கள். அப்போது ஷெரிடனுக்கு நாற்பது வயது. அதன்பின் எழுத உட்கார்ந்தார்.

அவர் எழுதி, டெனி வில்நோவ் இயக்கி 2015இல் வந்த 'சிகாரியோ'வில் சில்வியோ என்றொரு மெக்சிகோ போலீஸ்காரன் வருகிறான். கதை எங்கோ விறுவிறுப்பாகப் போய்க்கொண்டிருக்கும்; நடுநடுவே இவன் வீடு. தூங்கி எழுகிறான், காலைச் சாப்பாட்டுக்கு உட்காருகிறான். கால்பந்து விளையாடப் போகலாம் என்று மகன் நச்சரிக்கிறான். இவன் எதற்கு இந்தப் படத்தில் என்று யோசித்துக்கொண்டே இருப்போம். கடைசியில், பழி வாங்கப் புறப்பட்ட அலெஹாந்திரோ இவனைத் துப்பாக்கி முனையில் வண்டியோட்ட வைத்து, வேலை முடிந்ததும் கொன்றுபோடுகிறான். இவன் மறைத்துக் கடத்திய போதைப்பொருளும் நமக்குத் தெரியும். ஆனாலும் அந்தப் பிள்ளையின் பந்து நம் நினைவை விட்டுப் போக மறுக்கிறது. மனிதரை வெறும் கருவியாக நடத்தாதே என்று 1785இல் கான்ட் எழுதியதை நான் வகுப்பில் எத்தனையோ விதமாக விளக்கியிருக்கிறேன். சில்வியோவைப் பார்த்த மாணவர்களுக்கு விளக்கமே தேவைப்படவில்லை.

கருவியாக இருந்து பார்த்தவரால்தான் இப்படி எழுத முடியும் என்பது என் எண்ணம். அடுத்த ஆண்டு வந்த 'ஹெல் ஆர் ஹை வாட்டர்' படத்திலும் அப்படித்தான். கொள்ளைப் பணத்திலிருந்து வந்த டிப்ஸ் என்று, கொள்ளையரைத் தேடும் ரேஞ்சர் போலீஸ்காரர்கள் கேட்கும்போது தர மறுக்கிறாள் ஓர் உணவகப் பணிப்பெண். வீட்டுக் கடன் கட்ட வேண்டிய பணம் அது. ஒரே காட்சியில் அவளுக்கென்று ஒரு கதை பிறந்துவிடுகிறது. ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்ட அந்தத் திரைக்கதையில் ஷெரிடன் தனக்கென எடுத்துக்கொண்டது, தீயிலிருந்து மாடுகளை ஓட்டிச்செல்லும் ஒரு மாட்டுக்காரனின் வேடம். சில நொடிகள்தான்.

சமயங்கள் இதை முன்பே யோசித்திருக்கின்றன. எழுதுபவரே உள்ளே இறங்கி வர வேண்டும், அதுவும் நாயகனாக அல்ல. கண்ணன் குருக்ஷேத்திரத்தில் வில்லெடுத்த வீரனல்ல, சாரதி. திருவல்லிக்கேணியில் அந்தச் சாரதியின் உற்சவர் முகத்தில் பீஷ்மரின் அம்பு பட்ட வடுக்களை இன்றும் காட்டுகிறார்கள். இயேசு சீடர்களின் கால்களைக் கழுவினார். வேடம் கொடுத்தவர் அதன் வலியையும் வாங்கிக்கொள்கிறார் என்பதை நான் முழுமனதோடு நம்புகிறேன்.

ஆனால் கடன் அத்தோடு தீர்ந்தது என்று சொல்ல மாட்டேன். கதைக்குச் சில்வியோவின் சாவு தேவைப்பட்டது. அவன் மகனுக்கு அது தேவைப்படவில்லை. உலகத்தை எழுதியவரிடமும் இந்தக் கணக்கு பாக்கி நிற்கிறது. பக்தி அதைக் கேட்கக்கூடாது என்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. பார்வை இழந்த சுந்தரர் வாயை மூடிக்கொண்டு அந்த வேடத்தை நடித்துக் காட்டவில்லை. சிவனோடு சண்டை போட்டு, காஞ்சியில் ஒரு கண்ணையும் திருவாரூரில் மற்றதையும் கேட்டு வாங்கினார்.