தோள் மட்டும் தெரியும் இடம்

டெல்லி கணேஷ் 2024 நவம்பரில் தமது 80ஆம் வயதில் காலமானார். அன்று என்னிடம் பேசிய நண்பர்கள் பலருக்கும் ஒரே ஆதங்கம். "எப்பேர்ப்பட்ட நடிகர்! கடைசி வரைக்கும் அப்பா, சித்தப்பான்னே காலம் போயிடுச்சே." பாசத்தில் வந்த பேச்சுதான். ஆனாலும் என் மனம் அதை ஒப்பவில்லை. நானூறு படங்களுக்கு மேல் நடித்தவரின் வாழ்க்கையை, அவருக்கு வாய்க்காத இடத்தை வைத்தா அளப்பது?

1964 முதல் 1974 வரை விமானப் படையில் வேலை பார்த்தவர். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் மேடையேறி, இயக்குநர் பாலசந்தரின் 'பட்டினப் பிரவேசம்' வழியாகச் சினிமாவுக்கு வந்தபோது முப்பதைத் தாண்டியிருந்தார். 'எங்கம்மா மகாராணி'யில் கதாநாயகனாகவும் நடித்தார். எத்தனை பேருக்கு இன்று அது ஞாபகம் இருக்கிறது? 'பசி'யில் வரும் ரிக்‌ஷாக்காரத் தகப்பனையோ, 'நாயகன்' படத்தில் இந்தி தெரியாத வேலு நாயக்கருக்கு வாயாக நிற்கும் ஐயரையோ பார்த்தவர்கள் மறப்பதில்லை.

கோடம்பாக்கத்தில் 'சஜஷன் ஷாட்' என்று ஒன்று சொல்வார்கள். எதிரே இருப்பவரின் முகத்தைக் கேமரா காட்டும். இந்தப் பக்கம் இருப்பவரின் தோளும் காதோரமும் மட்டும் ஃப்ரேமின் விளிம்பில் தெரியும். முகம்தான் தெரியாதே என்று வசனத்தை ஒப்பித்துவிட்டு நிற்கலாம், யாரும் கண்டுபிடிக்க முடியாது. ஆனால் எதிரே இருப்பவரின் கண் நிஜமாகவே கலங்க வேண்டுமென்றால், இவரும் நிஜமாகவே பார்த்தாக வேண்டும். படம் பார்க்கும் நமக்குக் கிடைப்பது அந்தக் கலங்கிய கண்தான். அதில் பாதி, முகம் காட்டாதவர் கொடுத்தது.

என் தொழில் அச்சுப்பிழை திருத்துவது. அட்டையில் என் பெயர் வராது. ஒரு பத்தியில் எழுவாய் ஒருமையாகவும் பயனிலை பன்மையாகவும் நிற்பதைக் கண்டு சரிசெய்யும்போது எனக்குள் வரும் நிறைவு மட்டும் கடன் வாங்கியதல்ல. வீட்டிலும் அப்படித்தான். அண்ணன் மகள் கல்யாணத்தில் பந்தியில் நின்று, தாமதமாக வந்த சம்பந்தி வீட்டுப் பெரியவருக்கு ரசம் சூடாக இருக்கிறதா என்று விசாரித்துக்கொண்டிருந்தேன். தாலி கட்டியதைப் பார்க்கவில்லை. அந்தக் கல்யாணத்தில் எனக்குப் பங்கு குறைந்துவிட்டதாக ஒருபோதும் தோன்றியதில்லை. ஐம்பதைத் தாண்டிய யாரும் எண்ணிப் பார்த்தால், வாழ்ந்த நாட்களில் பெரும்பகுதி அடுத்தவர் கதையில்தான் கழிந்திருக்கும்.

இதைச் சொல்வதால் அநியாயத்துக்கு அழகு சேர்த்துவிடக் கூடாது. துணைப் பாத்திரம் செய்பவருக்குச் சம்பளம் குறைவு, காத்திருப்பு அதிகம், போஸ்டரில் இடமில்லை. உரிய கூலியையும் இடத்தையும் கேட்டுப் பெறத்தான் வேண்டும். கூலி குறைவு என்பதற்காக வேலையின் தரத்தையும் குறைவென்று நினைப்பதைத்தான் நான் மறுக்கிறேன். டெல்லி கணேஷ் அப்படி நினைத்ததாகத் திரையில் ஓரிடத்திலும் தெரியவில்லை. பிற்காலத்தில் இளைஞர்களின் குறும்படங்களிலும் அதே கவனத்தோடு நடித்தார்.

அந்த நண்பர்களுக்கு நான் காட்ட விரும்புவது 1985இல் வந்த 'சிந்து பைரவி'. அதில் டெல்லி கணேஷ் மிருதங்கக்காரர் குருமூர்த்தியாக வருகிறார். குடிப்பழக்கம் உள்ளவர், அதற்காகப் பாடகர் ஜே.கே.பி.யின் கோபத்துக்கு ஆளாகிறவர். வித்தை கையில் இருந்தும் கூனிக் குறுகி நிற்கும் அந்த உடம்பைப் பாருங்கள். பின்னால் அதே ஜே.கே.பி. குடியில் விழுகிறார். ஜே.கே.பி.யாக நடித்த சிவகுமார் அதை மிகச் சிறப்பாகச் செய்திருக்கிறார், சந்தேகமே இல்லை. ஆனால் குருமூர்த்தியின் அவமானத்தை டெல்லி கணேஷ் நம் மனத்தில் முன்பே பதித்திருக்காவிட்டால், ஜே.கே.பி. எவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தார் என்பது நமக்கு உறைத்திருக்காது.