பழமையும் புதுமையும்

வீட்டில் பழமை பெரிதா, புதுமை பெரிதா என்று வழக்கு எழும்போது, 1939-ம் ஆண்டு வெளிவந்த 'தியாகபூமி' படத்தைச் சற்றே எண்ணிப் பாருங்கள். கல்கியின் கதை, கே. சுப்ரமணியம் இயக்கியது. பட்டிக்காட்டுப் பெண்ணென்று மனைவி சாவித்திரியைத் தள்ளிய ஸ்ரீதரன், அவள் செல்வச் சீமாட்டியானதும், தன்னோடு வாழவேண்டுமென்று நீதிமன்றம் ஏறுகிறான். தள்ளும்போது புதுமை பேசியவன், அழைக்கும்போது புருஷ உரிமை பேசுகிறான்! அவளோ, ஜீவனாம்சம் வேண்டுமானால் தானே தருவதாகச் சொல்லி மறுத்துவிடுகிறாள்.

ஆகவே, வழக்கம் பழையதா புதியதா என்பதல்ல கேள்வி. அதன் பாரத்தைச் சுமப்பவர் யார் என்பதே. ஓசூர்த் தொழிற்சாலையில் மகள் ஈட்டும் சம்பளத்தைப் புதுமையென்று வாங்கிக்கொண்டு, கலியாணப் பேச்சில் மட்டும் பழமையென்று அவள் வாயை அடைப்பது நியாயமா? உங்கள் மனச்சாட்சியையே கேட்டுப் பாருங்கள்.