தராசும் செங்கோலும்

தராசு பிடித்த கை செங்கோலைத் தொடலாமா?

"கடைக்காரனுக்கு நாடாளத் தெரியுமா?" என்று இகழ்வோர் ஒரு சாரார். "கடையை நடத்தத் தெரிந்தவனுக்கே நாட்டை நடத்தத் தெரியும்" என்று புகழ்வோர் மற்றொரு சாரார். முதல் சாராருக்கு நீண்ட விடை தேவையில்லை. செய்யும் தொழிலைக் காட்டித் தகுதியை மறுக்கும் அந்தப் பழைய நோயை நம் நாடு வேண்டிய மட்டும் கண்டுவிட்டது. இரண்டாம் சாராரிடந்தான் நமக்கு வழக்கு.

சான்று தேடிக் கடல் கடந்து செல்வோம், தோழர்களே! கனடா நாட்டின் மேற்குக் கோடியில் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணம். அங்கே கெலோனா எனும் ஏரிக்கரைச் சிற்றூரில், 1930இல் இரும்புச் சாமான் கடையொன்றை விலைக்கு வாங்கினார் டபிள்யூ. ஏ. சி. பென்னட். பள்ளிப் படிப்பை முடிக்காதவர். 1941இல் மாகாணச் சட்டமன்றம் புகுந்தார். கட்சித் தலைமைக்கு இருமுறை போட்டியிட்டு இருமுறையும் தோற்று, 1951இல் அக்கட்சியை விட்டே வெளியேறினார். சேர்ந்த இடமோ சோஷல் கிரெடிட் எனும் சின்னஞ்சிறு கட்சி. 1952 தேர்தலில் அக்கட்சி 48 இடங்களில் 19 பெற்றது. அடுத்து வந்த கட்சிக்கு 18! ஓரிட முந்துதலில் முதலமைச்சரானவரை, 1972 வரை எவராலும் இறக்க இயலவில்லை.

வணிகன் ஆட்சிக்கு வந்தால் கை நீளும் என்பார்களே, அதையும் பார்த்துவிடுவோம். பென்னட்டின் அமைச்சரவையில் காட்டு உரிமங்களுக்காகக் கையூட்டுப் பெற்ற குற்றம் மெய்ப்பிக்கப்பட்டு 1958இல் சிறை சென்றவர், வனத்துறை அமைச்சர் ராபர்ட் சாமர்ஸ். அவர் முன்பு பார்த்த தொழில் யாது? பள்ளி ஆசிரியம்! நம் தொழில்! நேர்மை எந்தத் தொழிலுக்கும் பட்டா போட்டுக் கொடுக்கப்படவில்லை.

ஆனால், கடைக்காரரின் கண் கடைக்காரரை விட்டு அகலவில்லை. கடன் என்றால் அவருக்கு இழுக்கு. 1959 ஆகஸ்டு முதல் நாள், கெலோனா ஏரியில் தெப்பம் மிதந்தது. அதன்மீது அடைத்துத் தீர்த்த கடன் பத்திரங்களின் குவியல். எரியும் அம்பை எய்தார் முதலமைச்சர், பத்திரங்கள் எரிந்தன, மாகாணம் கடனற்றது என முழங்கினார். எரிந்தது கடனா? அரசின் நேர்க்கடன் தீர்ந்தது மெய்தான். ஆனால் அரசு பிணை நின்ற பொது நிறுவனங்களின் கடன் வேறொரு பேரேட்டில் வளர்ந்துகொண்டே இருந்தது. பெட்டியை மாற்றி வைத்துவிட்டு பாரம் குறைந்தது என்பதா?

அதே மனிதர் கடையை மறந்த வேளைகளும் உண்டு. அவற்றைச் சொல்லாமல் விடுவது அறமாகாது. தனியார் படகுப் போக்குவரத்து வேலைநிறுத்தங்களால் முடங்கியபோது, அரசே படகு விட முன்வந்தது. 1960இல் ஓட்டம் தொடங்கிற்று. 1961இல் மாபெரும் தனியார் மின் நிறுவனத்தையே அரசுடைமையாக்கினார். சமதர்மம் பேசியோரை வாழ்நாளெல்லாம் எதிர்த்தவர், சமதர்மிகள் கேட்டதையே செய்தார்! கொள்ளை இலாபம் தேடும் கடைக்காரன் செய்யும் செயலா அது?

இனி, பீஸ் ஆற்றுக்கு வருவோம். அங்கே 180 மீட்டருக்கும் மேற்பட்ட உயரத்தில் பேரணை எழுந்தது, 1967இல் முடிந்தது. மின்சாரம் வேண்டும், தொழில் வளர வேண்டும் — மறுப்பார் யார்? ஆனால் நீர் ஏறிய பள்ளத்தாக்கு வெற்று நிலமன்று. தலைமுறை தலைமுறையாக வேட்டையாடியும் மீன் பிடித்தும் வாழ்ந்த ட்ஸே கே டெனே எனும் தொல்குடியினரின் தாயகம் அது. ஊர்களும் கல்லறைகளும் மூழ்கின. வெட்டப்படாத மரங்கள் மிதந்து, ஆற்றுவழி சென்றோர்க்குப் படகோட்டமே ஆபத்தாயிற்று. அந்த மாகாணத்தில் தொல்குடியினர்க்கு வாக்குரிமை கிடைத்ததே 1949இல்தான் என்பதை நினைவில் கொள்ளுங்கள்.

கடைக்காரன் கெட்டிக்காரன், கடை வாயிலில் வந்து நிற்பவனின் தேவையை முகம் பார்த்தே அறிவான். வாங்க வராதவனை எண்ண வேண்டிய கடமை கடைக்கு இல்லை; அவனுக்குக் கணக்கில் பக்கமும் இல்லை. அரசுக்கோ, வராதவனே முதல் பக்கம். வாய் திறக்க வலிவில்லாதவன், வாக்கு அண்மையில்தான் பெற்றவன், மலைக்கு அப்பால் இருப்பவன் — இவர்களை எண்ணவே அரசு என்றொன்று வேண்டியிருக்கிறது.

அணைக்குப் பென்னட்டின் பெயர். அது தேக்கிய ஏரிக்கு அவருடைய அமைச்சர் வில்லிஸ்டனின் பெயர். நீருக்கடியில் கிடக்கும் ஊர்களை, கடையை நடத்தினால் நாட்டை நடத்தலாம் என்போர் எந்தப் பேரேட்டில் எழுதிக் காட்டுவர்?