பண்பாடு எவருடைய சொத்து?

பண்பாடு என்றதும் மதுரையின் கோபுரமும் தஞ்சையின் ஓவியமும் நம் நினைவுக்கு வருகின்றன. அருப்புக்கோட்டை, திருச்சுழிப் பகுதியின் வானம் பார்த்த பூமியிலுள்ள பரளச்சி போன்றதோர் ஊர் நினைவுக்கு வருவதில்லை. கண்மாய் நீரைப் பங்கிடும் முறையும், மிளகாயை வற்றலாக்கும் கைப்பக்குவமும் பண்பாடு ஆகாவோ?

ஆகும் என்று விடையிறுப்பதே பண்பாட்டு ஆய்வு என்னும் அறிவுத்துறை. ரயில்வே ஊழியர் ஒருவரின் மைந்தரான வேல்ஸ் நாட்டு அறிஞர் ரேமண்ட் வில்லியம்ஸ், பண்பாடு கற்றோர் சிலரின் தனியுடைமை அன்று, மக்களின் முழு வாழ்க்கை முறையே அது என 1958இல் எடுத்துரைத்தார். 1964இல் ரிச்சர்ட் ஹோகார்ட் பர்மிங்காம் பல்கலைக்கழகத்தில் இதற்கென ஓர் ஆய்வு மையத்தை நிறுவினார். ஜமைக்காவில் பிறந்த ஸ்டூவர்ட் ஹால் பின்னர் அதனை வழிநடத்தினார். செய்தித்தாளும் தொலைக்காட்சியும் இளைஞர் உடையும் அங்கே ஆராய்ச்சிப் பொருள்களாயின.

நம் நாட்டில், இளையான்குடி டாக்டர் சாகிர் உசேன் கல்லூரியில் தமிழ் பயிற்றிய பேராசிரியர் தொ. பரமசிவன் (1950–2020) உப்பு, உணவு, பல்லாங்குழி போன்ற எளிய பொருள்களில் தமிழர் வரலாற்றைத் தேடினார். நம் இல்லங்களிலும் இதற்குச் சான்று உண்டு. நோன்பு உலக முஸ்லிம்கள் அனைவர்க்கும் பொது; அதனைத் திறக்க நாம் அருந்தும் அரிசிக் கஞ்சியோ இம்மண்ணின் கொடை.

இங்கே ஓர் அறவினா எழுகின்றது. மக்களின் வழக்கமெல்லாம் பண்பாடு எனில், வழக்கமெல்லாம் போற்றத்தக்கனவோ? தேநீர்க் கடையில் ஒரு சாராருக்கெனத் தனிக் குவளை வைத்த கொடுமையும் வழக்கம் என்ற பெயரால்தானே நின்றது!

ஒன்றைப் பண்பாடு என அறிவது வேறு. அதனைச் சரியென ஏற்பது வேறு. எனவே எந்த வழக்கத்தைக் கண்டாலும் மூன்று வினாக்களை எழுப்புவோம்: இதில் எவர் உழைப்பு அடங்கியுள்ளது? இதனால் உயர்பவர் யார்? வெளியே நிறுத்தப்படுபவர் யார்? கண்மாயை நோக்கி இவற்றைக் கேட்டால், தூர்வாரிய கைகளும் தெரியும்; மடையில் கடைசியாக நீர் பெற்றவனும் தெரிவான். கஞ்சியை நோக்கிக் கேட்டால், அடுப்படியில் நோன்போடு நின்று காய்ச்சிய தாயும் தெரிவாள்.

"இது எங்கள் பண்பாடு" என்று பெருமை கொள்வதில் தவறில்லை. அப்பெருமையின் சுமையை எவர் தோளில் ஏற்றியிருக்கிறோம் என்று பார்ப்பதும் நம் கடமையன்றோ?