தெரிந்தே வைத்திருந்த அடிமைகள்

மனிதர் எல்லோரும் இயல்பிலேயே சமமான சுதந்திரம் உடையவர்கள் என்று தொடங்குகிறது, 1776 ஜூன் 12 அன்று வர்ஜீனியா ஏற்றுக்கொண்ட உரிமைப் பிரகடனம். அதன் வரைவில் பெரும்பகுதியை எழுதியவர் ஜார்ஜ் மேசன். போட்டோமாக் ஆற்றங்கரையில் கன்ஸ்டன் ஹால் என்ற மாளிகையும் அதைச் சுற்றிப் பரந்த நிலமும் அவருக்கு இருந்தன. அந்த நிலத்தில் உழைத்தவர்கள் அவருடைய அடிமைகள்.

அடிமை வைத்திருந்த அரசியல்வாதி அன்றைய வர்ஜீனியாவில் அதிசயமில்லை. வாஷிங்டன், ஜெஃபர்சன், மேடிசன் எல்லோரும் வைத்திருந்தார்கள். மேசனைத் தனியே எடுத்து விசாரிக்கக் காரணம், அந்தத் தீமையை அவர் அத்தனை தெளிவாகப் பார்த்ததுதான். 1787 ஆகஸ்ட் 22, பிலடெல்ஃபியா அரசியலமைப்பு மாநாடு. அடிமை வியாபாரத்தைக் கடுமையாகச் சாடிய மேசன், அடிமை வைத்திருப்பவன் ஒவ்வொருவனும் பிறவியிலேயே ஒரு சின்னக் கொடுங்கோலன் என்றார். தேசங்களை மறுமையில் தண்டிக்க முடியாது, ஆகவே அவை இம்மையிலேயே தண்டனை பெறும் என்றும் எச்சரித்தார். மேடிசனின் குறிப்பேட்டில் இந்தப் பேச்சு பதிவாகியிருக்கிறது.

தீமையைத் தீமை என்று அறிந்து, அவையறியச் சொல்லிவிட்டு, அதன் பலனைச் சாகும்வரை அனுபவித்தவரை என்னவென்று எடைபோடுவது?

அந்த அவையே உடனடியாக எடைபோட்டது. கனெக்டிகட்டின் ஆலிவர் எல்ஸ்வர்த் எழுந்தார். தமக்கு அடிமைகள் இருந்ததே இல்லை, அதனால் அடிமைமுறை ஒருவர் குணத்தை எப்படிக் கெடுக்கும் என்று தமக்குத் தெரியாது என்று குத்தினார். அறத்தை வைத்துப் பேசுவதானால், ஏற்கெனவே இங்கே இருக்கும் அடிமைகளையும் விடுவிக்கத்தானே வேண்டும் என்று கேட்டார். தென் கரோலினாவின் சார்லஸ் கோட்ஸ்வர்த் பிங்க்னி பச்சையாகவே சொன்னார்: இறக்குமதி நின்றால் வர்ஜீனியாவுக்கு லாபம், அதன் கையில் இருக்கும் அடிமைகளுக்கு விலை ஏறும். பேசியவர் அடிமைமுறையின் காவலர்தான். ஆனாலும் குத்தல் குறி தவறவில்லை. மறு ஆண்டு வர்ஜீனியாவின் ஒப்புதல் மாநாட்டில் மேசன் புதிய அரசியலமைப்பை எதிர்த்துப் பேசினார். அடிமை வியாபாரத்துக்கு இன்னும் 20 ஆண்டு இடம் கொடுக்கிறதே என்பது அவர் சொன்ன ஒரு குறை. கையில் இருக்கும் அடிமைச் சொத்துக்குப் பாதுகாப்புத் தரவில்லையே என்பது இன்னொன்று. இரண்டும் ஒரே வாயிலிருந்து வந்தவை.

அந்தக் காலம் அப்படி என்று சமாதானம் சொல்வது வழக்கம். ஆனால் தனியார் தம் அடிமைகளைத் தாமே விடுவிக்கலாம் என்று வர்ஜீனியா 1782இல் சட்டமே இயற்றியிருந்தது. மேசனைப் போலவே பெரும் பண்ணையார் ராபர்ட் கார்ட்டர். காலனி ஆளுநரின் ஆலோசனை சபையில் உட்கார்ந்தவர். அவர் 1791இல் ஒரு பத்திரம் எழுதி, 450க்கும் மேற்பட்டோரைப் படிப்படியாக விடுவிக்க ஏற்பாடு செய்தார். அக்கம்பக்கத்தாரின் எரிச்சலை வாங்கிக் கட்டிக்கொண்டும் செய்தார். மேசன் 1792 அக்டோபர் 7 அன்று இறந்தார். சட்டம் வந்து பத்து ஆண்டு கழிந்திருந்தது. அவர் யாரையும் விடுவிக்கவில்லை. அடிமைகள் வாரிசுகளுக்குப் போனார்கள்.

துணிச்சல் இல்லாதவர் என்று சொல்லி அவர்மேல் இரக்கப்படவும் வழியில்லை. பிலடெல்ஃபியாவில் கடைசி நாள்வரை இருந்தும் அரசியலமைப்பில் கையெழுத்திட மறுத்த மூவரில் அவர் ஒருவர்; உரிமைப் பட்டியல் சேராதது அவர் சொன்ன முக்கியக் காரணங்களில் ஒன்று. அதற்கு விலையாக வாஷிங்டனின் நட்பையே இழந்தார். 1791இல் உரிமைப் பட்டியல் சேர்ந்தது. அதில் அவர் பிடிவாதத்துக்குப் பங்கு உண்டு. கொள்கைக்காக இழக்கத் தெரிந்த மனிதர் அவர். எதை இழப்பது என்பதில் மட்டும் அவர் கணக்குப் பார்த்தார். இதுதான் அவர் குற்றத்தைக் கனமாக்குகிறது.

இதற்கு, அதே மாநாட்டில் கிரேக்கத்தையும் ரோமையும் காட்டி அடிமைமுறையை வெளிப்படையாக நியாயப்படுத்திய இன்னொரு பிங்க்னி மேலா? அவர் சொல்லுக்கும் செயலுக்கும் முரண் இல்லை, உண்மைதான். ஆனால் அந்த ஒழுங்கால் எந்த அடிமைக்கும் ஒரு விடிவும் வரவில்லை. எல்லோரும் சமமான சுதந்திரம் உடையவர்கள் என்ற மேசனின் வாக்கியத்தால் வந்தது, அதுவும் அவர் நினைக்காத இடத்தில். வர்ஜீனியாவில் அந்த வாக்கியத்தை ஏற்கும்போதே, அடிமைகளுக்குப் பொருந்தாதபடி ஒரு சொற்றொடரை இடையில் செருகிக்கொண்டார்கள். அதன் எதிரொலி 1780இல் மாசச்சூசெட்ஸ் அரசியலமைப்பில், அந்தச் செருகல் இல்லாமல் இடம்பெற்றது. மறு ஆண்டே எலிசபெத் ஃப்ரீமன் என்ற அடிமைப் பெண் அதைக் காட்டி வழக்குத் தொடுத்து வென்றார்.

எழுத்தின் பயன் நாட்டுக்குக் கிடைத்தது. எழுதியவரின் கடனை அது தீர்க்காது. எல்லோரும் என்ற சொல்லுக்கு எல்லோரும் என்றே பொருள் கொண்டு நீதிமன்றம் ஏறிய பெருமை ஃப்ரீமனுடையது. மேசன் கணக்கில் அதை வரவு வைக்க முடியாது.